பிழைக்கத் தெரிந்த கைகள்

(ஒரு நூலக அரங்கில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



தமிழில் 'பிழைத்தல்' என்றொரு சொல் இருக்கிறது. தவறு செய்வதும் பிழைத்தல். சாவிலிருந்து தப்புவதும் பிழைத்தல். நாலு காசு சம்பாதித்து வயிற்றைக் கழுவுவதும் பிழைத்தல். இந்த மூன்று பொருளும் ஒரே மேசையைச் சுற்றி வந்து உட்கார்ந்த ஒரு தொழிலைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன். மேடையில் பிழை செய்து, அந்தப் பிழையாலேயே பிழைத்தவர்களின் தொழில் அது. தொலைக்காட்சி கறுப்பு வெள்ளையாக இருந்த நாள்களில் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் பல்சுவை நிகழ்ச்சிகளில் தோன்றி, மேஜிக் செய்து, மேஜிக்கில் தோற்று, கோடிக்கணக்கான பேரைச் சிரிக்கவைத்த வித்தைக்காரர்கள். அவர்களைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

பல்சுவை நிகழ்ச்சி என்றால் என்ன? அமெரிக்காவில் ஞாயிற்றுக்கிழமை இரவு 8 மணி. வீட்டில் ஒரே ஒரு தொலைக்காட்சிப் பெட்டி. பாட்டி, அப்பா, அம்மா, பிள்ளைகள் எல்லாரும் அதன் முன்னால். எட் சலிவன் என்ற மனிதர் திரையில் வருவார். அவருக்குப் பாடத் தெரியாது, ஆடத் தெரியாது, சிரிக்கக்கூட அவ்வளவாகத் தெரியாது. பத்திரிகையில் பத்தி எழுதிக்கொண்டிருந்தவர். ஆனால் 1948 முதல் 1971 வரை, 23 ஆண்டுகள், அந்த ஒரு மணி நேரம் அவர் கையில் இருந்தது. ஆப்பராப் பாடகி வருவார். பின்னாலேயே வித்தை காட்டும் நாய்கள் வரும். குச்சி முனையில் தட்டு சுழற்றுகிறவர் வருவார். கையை மடக்கி அதிலேயே ஒரு பிள்ளையின் முகத்தை வரைந்து பேசவைத்த ஸ்பானியர் செனோர் வென்செஸ் வருவார். இவர்களுக்கு நடுவில், சின்ன மேசையோடு, ஒரு மேஜிக்காரர் வருவார்.

ஏன் மேஜிக்காரர்? கவனியுங்கள், இதில் ஒரு தொழில் ரகசியம் இருக்கிறது. பல்சுவை மேடையில் இரண்டு பெரிய நிகழ்ச்சிகளுக்கு நடுவே பின்னால் சாமான்களை மாற்றியாக வேண்டும். மாற்றும்வரை பார்வையாளர்களைச் சும்மா உட்கார வைக்க முடியாது. ஆகவே முன்திரையை இழுத்துவிடுவார்கள். திரைக்கு முன்னால் கிடைக்கும் சில அடி இடத்தில், ஒரு மேசையும் இரண்டு கைகளும் மட்டுமே தேவைப்படும் ஒருவரை நிறுத்துவார்கள். அவர் ஆறேழு நிமிடம் தாங்க வேண்டும். பின்னால் ஆணி அடிக்கும் சத்தம் கேட்டாலும் தாங்க வேண்டும். நாடகக் கொட்டகைக் காலத்திலிருந்தே இதுதான் வழக்கம். தொலைக்காட்சி அதை அப்படியே எடுத்துக்கொண்டது. திரைக்கு முன்னால் இருக்கும் அந்தச் சில அடி இடத்தை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பேச்சின் கடைசியில் மறுபடி அங்கே வருவோம்.

1964 பிப்ரவரி 9. இந்தத் தேதியைச் சொன்னால் இசை தெரிந்தவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். பீட்டில்ஸ் குழு முதன்முதலாக அமெரிக்கத் தொலைக்காட்சியில் நேரடியாகப் பாடிய இரவு. எட் சலிவன் நிகழ்ச்சிதான். பார்த்தவர்கள் ஏறத்தாழ 7 கோடியே 30 லட்சம் பேர். அரங்கத்தில் இளம்பெண்கள் தலையில் கைவைத்துக்கொண்டு அலறுகிறார்கள். முதல் சுற்றுப் பாட்டு முடிகிறது. அடுத்து வந்தவர் யார்?

எத்தனை பேருக்குத் தெரியும் அந்தப் பெயர்? ஃப்ரெட் காப்ஸ். நெதர்லாந்து நாட்டுக்காரர். உலக மேஜிக் போட்டியில் தலைப்பரிசை 1950, 1955, 1961 என மூன்று முறை வென்றவர். வால்கோட்டு அணிந்து, தலைமுடி கலையாமல், தேர்ந்த வைர வியாபாரி மாதிரி வந்து நின்றார். முதலில் சீட்டு வித்தை. பிறகு ஒரு சின்ன உப்புக் குடுவை.

அந்த உப்பு வித்தையைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். குடுவையிலிருந்து சிறிது உப்பை மூடிய கைக்குள் கொட்டுகிறார். கையைத் திறக்கிறார். உப்பு இல்லை. சரி, இது யாரும் செய்வது. இப்போது இன்னொரு கையை மூடி உயர்த்துகிறார். விரல் இடுக்கிலிருந்து உப்பு வெள்ளைக் கம்பிபோல இறங்குகிறது. இசைக்குழு முடிவு வாசிப்பு வாசிக்கிறது. கைதட்டல் வர வேண்டிய இடம். ஆனால் உப்பு நிற்கவில்லை. காப்ஸ் தன் கையையே பார்க்கிறார். இசைக்குழுவைப் பார்க்கிறார். அவர்கள் இன்னொரு தடவை வாசிக்கிறார்கள். உப்பு இறங்கிக்கொண்டே இருக்கிறது. இந்தக் கைக்குள் அவ்வளவு உப்புக்கு இடமே கிடையாது! அவருக்கே வெட்கமாக இருக்கிறது. விருந்து முடிந்தும் எழுந்து போகாத உறவினரை வைத்துக்கொண்டு விழிக்கிற வீட்டுக்காரர் முகம். அந்த முகத்துக்குத்தான் மக்கள் சிரித்தார்கள். அந்தக் கைக்குத்தான் மேஜிக் தெரிந்தவர்கள் இன்றைக்கும் எழுந்து நின்று வணங்குகிறார்கள்.

அந்த இரவைப் பற்றிப் பேசுகிறவர்கள் காப்ஸைப் பாவம் என்பார்கள். பீட்டில்ஸுக்குப் பின்னால் மாட்டிக்கொண்டாரே என்பார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. அப்படி ஒரு பாட்டுக்கு அடுத்து, குரலை உயர்த்தாமல், ஒரு பிடி உப்போடு திரையில் தோன்ற எவ்வளவு துணிவு வேண்டும்! பதிவு கிடைக்கிறது. பாட்டை மட்டும் பார்த்துவிட்டு நிறுத்திவிடாதீர்கள். அடுத்த ஐந்து நிமிடத்தையும் பாருங்கள்.

காப்ஸுக்கு வித்தை அளவுக்கு மீறிப் பலித்தது. பலிக்கவே பலிக்காத ஒருவரும் இருந்தார். கார்ல் பாலண்டைன். 1917-இல் சிகாகோவில் பிறந்த மேயர் கெஸ்லர். ஆரம்பத்தில் ஒழுங்காகத்தான் மேஜிக் செய்தார். தன்னைவிட நன்றாகச் செய்கிறவர்கள் நிறையப் பேர் இருப்பதைப் பார்த்தார். பாதையை மாற்றினார். உலகத்திலேயே மிகப் பெரிய வித்தைக்காரர் என்ற முழக்கத்தோடு, உயரத் தொப்பியும் வால்கோட்டுமாக மேடைக்கு வருவார். ஒரு வித்தையும் நடக்காது. நடக்காததற்குச் சமாதானம் சொல்லிக்கொண்டே அடுத்ததற்குப் போவார். அதுவும் நடக்காது. வாய் மட்டும் ஓயாது. இதை வைத்துக்கொண்டு எட் சலிவன் மேடையில் நின்றார், 1956-இல் லாஸ் வேகாஸ் மேடையில் நின்றார், 92 வயதுவரை வாழ்ந்தார்.

இங்கே ஒரு கேள்வி. நன்றாக வித்தை செய்கிறவர்கள் பலர் தொலைக்காட்சியில் சீக்கிரம் காணாமல் போனார்கள், தோற்றவர்கள் நிலைத்தார்கள். ஏன்?

பழைய நாடகக் கொட்டகைக் காலத்தில் ஒருவர் எட்டு நிமிட வித்தை ஒன்றை வைத்துக்கொண்டு இருபது ஆண்டு ஓட்டலாம். இந்த வாரம் ஓர் ஊர், அடுத்த வாரம் வேறு ஊர். ஒவ்வோர் ஊருக்கும் அது புதிது. தொலைக்காட்சி வந்தது. ஒரே இரவில் நாடு முழுவதும் பார்த்துவிட்டது. அடுத்த வாரம் அதே புறாவை எடுத்தால், ஐந்து வயதுப் பிள்ளை சொல்லும், இப்போது புறா வரும் என்று. இருபது ஆண்டுச் சோற்றை ஒரே வேளையில் தின்று தீர்க்கும் பெட்டி அது. வித்தையின் உயிர் அதன் ரகசியத்தில் இருக்கிறது. ரகசியம் ஒருமுறைதான் வியப்பளிக்கும். ஆனால் ஒரு மனிதரின் திண்டாட்டம் இருக்கிறதே, அதை நூறு முறை பார்க்கலாம். நம் தெருவிலே ஒருவர் பழைய ஸ்கூட்டரை உதைத்து உதைத்துக் கிளப்புவதைத் தினமும் பார்க்கிறோம். அலுக்கிறதா என்ன?

அப்படித் திண்டாடியே ஒரு நாட்டின் மனத்தில் இடம்பிடித்தவர் டாமி கூப்பர்.

1921 மார்ச் 19, வேல்ஸ் நாட்டின் கேர்ஃபிலி ஊரில் பிறந்தார். எட்டு வயதில் அத்தை ஒருத்தி மேஜிக் பெட்டி வாங்கித் தந்தார். பதின்ம வயதில் சவுத்தாம்ப்டன் அருகே படகு கட்டும் பட்டறையில் பயிற்சித் தொழிலாளி. பட்டறைத் தோழர்கள் முன்னால் முதன்முறையாக வித்தை காட்டப்போனார். மேடை நடுக்கம். ஒன்றும் சரியாக வரவில்லை. பார்த்தவர்கள் சிரித்தார்கள். பையன் அவமானத்தோடு ஓடினான். ஆனால் அந்தச் சிரிப்புச் சத்தத்தை அவன் காது மறக்கவில்லை. பிழையிலும் பிழைப்பு இருக்கிறது என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டான்.

பிறகு போர் வந்தது. குதிரைப்படைக் காவலராக இருந்தவர், எகிப்தில் சிப்பாய்களுக்கு நிகழ்ச்சி நடத்தினார். வெயில் தொப்பி ஒன்று வைத்துக்கொண்டு நடிப்பது வழக்கம். ஒருநாள் கெய்ரோவில் அதை எடுத்துவர மறந்துவிட்டார். பக்கத்தில் போய்க்கொண்டிருந்த பரிசாரகர் ஒருவரின் தலையிலிருந்து சிவப்புத் துருக்கித் தொப்பியை, குஞ்சம் வைத்த தொப்பியை, எடுத்துத் தன் தலையில் வைத்துக்கொண்டார். ஆறடியைத் தாண்டிய உருவம், அதன் மேல் அந்தச் சின்னச் சிவப்புத் தொப்பி. சிப்பாய்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சாகும்வரை அந்தத் தொப்பி அவரை விட்டு இறங்கவில்லை.

இப்போது என் முன்னால் இந்த மேசையில் ஒரு குப்பியும் ஒரு கிளாஸும் இருக்கின்றன. அவருடைய புகழ்பெற்ற வித்தைக்கு வேண்டியது இவ்வளவுதான். கூடவே இரண்டு குழாய்கள். குப்பியை ஒரு குழாயால் மூட வேண்டும், கிளாஸை இன்னொன்றால் மூட வேண்டும், திறந்தால் இரண்டும் இடம் மாறியிருக்க வேண்டும். கூப்பர் என்ன செய்வார்? "குப்பி, கிளாஸ். கிளாஸ், குப்பி" என்பார். ஒவ்வொன்றாகத் தொட்டுக் காட்டுவார். மூடுவார். திறப்பார். எதுவும் மாறியிருக்காது. திரும்ப மூடுவார். இதற்குள் எது எங்கே என்று அவருக்கே மறந்துபோயிருக்கும். குழாயைத் தூக்கும்போது இருக்கக் கூடாத இன்னொரு குப்பி எட்டிப் பார்க்கும். சட்டென்று மூடுவார். அந்தப் பெரிய கண்கள் நம்மைப் பார்க்கும்: பார்த்துவிட்டீர்களா? இருமல் மாதிரி ஒரு சிரிப்பு. மறுபடி, "கிளாஸ், குப்பி". கடைசியில் பார்த்தால் மேசை முழுக்கக் குப்பிகள். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு. எங்கிருந்து வந்தன?

கடைசியில் நடந்ததைக் கவனித்தீர்களா? தோற்றுக்கொண்டிருந்தவரின் மேசையில் அசலான மேஜிக் ஒன்று நடந்து முடிந்துவிட்டது. நாம் சிரித்துக்கொண்டிருந்ததால் அது எப்போது நடந்தது என்றே தெரியவில்லை. இதுதான் கூப்பர். பத்து வித்தையில் ஒன்பதைக் கெடுப்பார். ஒன்றைச் சுத்தமாக முடிப்பார். அந்த ஒன்றும் தன்னை மீறி நடந்துவிட்டது போல அவரே திகைத்து நிற்பார். 1905-இல் லண்டனில் தொடங்கிய மேஜிக் சர்க்கிள் என்ற வித்தைக்காரர் சங்கத்தில் அவர் உறுப்பினர். ரகசியத்தை வெளியே சொல்வதில்லை என்று உறுதி கொடுத்தவர்கள் சேரும் இடம் அது. அந்தக் குப்பிகளின் ரகசியத்தை நானும் இங்கே சொல்லப்போவதில்லை.

நம் ஊர்ச் சர்க்கஸில் பார் விளையாட்டு பார்த்திருப்பீர்கள். எல்லாரும் அழகாகத் தாவி முடித்த பிறகு பபூன் ஏறுவார். பிடி நழுவும், கால் நழுவும், காற்சட்டை நழுவும், கத்திக்கொண்டே வலையில் விழுவார். அந்தக் குழுவிலேயே கைதேர்ந்தவரைத்தான் அந்த வேடத்துக்குப் போடுவார்கள். ஏன்? மற்றவர்கள் கம்பியை எப்படிப் பிடிப்பது என்று தெரிந்தால் போதும். இவருக்குக் கம்பியை எத்தனை விரற்கடை தூரத்தில் தவறவிடுவது என்றும் தெரிந்திருக்க வேண்டும். கூப்பரின் மேசையும் அப்படித்தான். அது பார்க்கச் சந்தைக்கடை. ஆனால் ஒவ்வொரு பொருளும் அது கீழே விழ வேண்டிய இடத்தில்தான் இருந்தது.

பெயர் வெளியே தெரியாமல் இதற்கெல்லாம் உழைத்தவர்களும் உண்டு. ஒருவரை மட்டும் சொல்கிறேன். அலி பொங்கோ. அரபுக்காரர் பெயர் போலிருக்கிறதல்லவா? இயற்பெயர் வில்லியம் வாலஸ். பிறந்த ஊர்? 1929-இல் நம் பெங்களூரு! மேடையில் வளைந்த மூக்குச் செருப்பும் பகட்டான கீழைநாட்டு உடையுமாக வேடிக்கை மேஜிக் செய்வார். அதைவிடப் பெரிய வேலை திரைக்குப் பின்னால். 1979 முதல் 1994 வரை பிபிசியில் ஓடிய பால் டேனியல்ஸ் மேஜிக் நிகழ்ச்சி உட்படப் பலருக்கு வித்தைகளை வடிவமைத்துக் கொடுத்தவர் அவர். பின்னாளில் மேஜிக் சர்க்கிளின் தலைவராகவும் ஆனார்.

இந்த உடைகளைப் பார்க்கும்போது எனக்கு உள்ளே ஒரு முள் குத்தத்தான் செய்கிறது. பரிசாரகரின் தொப்பியும் கீழைநாட்டுத் தலைப்பாகையும் சிரிப்புப் பொருளாவதற்குப் பிரிட்டிஷ் ஆட்சியும் ஒரு காரணம். மறைக்காமல் சொல்ல வேண்டும். ஆனால் அதே பிரிட்டனுக்கு, அதே தலைப்பாகையைச் சிரிப்புக்காகக் கட்டாமல் ராஜ கம்பீரத்தோடு கட்டிக்கொண்டு போன ஒருவரும் இருந்தார். வங்கத்துக்காரர் பி.சி. சர்க்கார்.

அவர் நகைச்சுவைக்காரர் இல்லை. ஆனாலும் அவரைச் சொல்லாமல் என் கதையை முடிக்க முடியாது. தொலைக்காட்சியில் ஒருவர் செய்வது நடிப்பா நிஜமா என்று பார்ப்பவருக்கு எப்படித் தெரியும்? வித்தைக்காரர்களை அப்போது அரித்த கேள்வி இது. 1960-இல் அமெரிக்காவில் மார்க் வில்சன் வாரந்தோறும் மேஜிக் நிகழ்ச்சி தொடங்கியபோது, அரங்கில் ஆட்களை உட்கார வைத்து, கேமரா தந்திரம் எதுவும் இல்லை என்று உறுதி சொல்லித்தான் செய்தார். அதற்கும் நான்கு ஆண்டு முன்பு, 1956 ஏப்ரல் 9 இரவு, லண்டனில் என்ன நடந்தது?

பிபிசியின் பனோரமா நிகழ்ச்சி. நேரடி ஒளிபரப்பு. கடைசி அம்சம் சர்க்காரின் ரம்ப வித்தை. பதினேழு வயதுப் பெண் மேசையில் படுத்திருக்கிறாள். மின்ரம்பம் சுழன்றுகொண்டு அவள் உடலுக்குள் இறங்குகிறது. ரம்பம் நின்றது. சர்க்கார் அவளை எழுப்புகிறார். கையைத் தேய்க்கிறார். அவள் அசையவில்லை. நிகழ்ச்சித் தொகுப்பாளர் ரிச்சர்ட் டிம்பிள்பி குறுக்கே வந்து நிகழ்ச்சியை முடித்துவிட்டார். திரையில் வேறு நிகழ்ச்சி! வீடுகளில் உட்கார்ந்திருந்தவர்கள் உறைந்துபோனார்கள். கண் முன்னால் ஒரு பெண்ணை அறுத்துக் கொன்றுவிட்டார்களே! பிபிசியின் தொலைபேசிகள் ஓயாமல் அடித்தன. அவள் நலமாக இருக்கிறாள் என்று அவர்கள் சொல்லிச் சொல்லி மாய்ந்தார்கள். நிகழ்ச்சி நேரம் முடிந்துவிட்டது என்பது காரணம். நேரத்தைக் கணக்குப் போட்டே சர்க்கார் அப்படிச் செய்தார் என்பது தொழில் தெரிந்தவர்களின் கணிப்பு. நானும் அதை நம்புகிறேன். மறுநாள் அவர் பெயர் பத்திரிகைகளின் முதல் பக்கத்தில். லண்டன் அரங்கில் அவருடைய நிகழ்ச்சிக்கு டிக்கெட் கிடைக்கவில்லை.

அந்த இரவில் ஒருத்தி உயிரோடு இருந்தாள். செத்துவிட்டாள் என்று ஒரு நாடு பதறியது.

அதற்கு 28 ஆண்டுகள் கழித்து, அதே லண்டன். 1984 ஏப்ரல் 15, ஞாயிற்றுக்கிழமை. ஹர் மெஜஸ்டீஸ் அரங்கம். பல்சுவை நிகழ்ச்சி, நேரடி ஒளிபரப்பு. டாமி கூப்பருக்கு வயது 63. உடல் தளர்ந்திருந்தது. அன்றைய வேடிக்கை இது: அவர் நீண்ட அங்கி ஒன்றை அணிந்துகொள்வார். திரைக்குப் பின்னால் ஒளிந்து நிற்கும் தொகுப்பாளர் ஜிம்மி டார்பக், திரை இடுக்கு வழியாகச் சாமான்களை ஒவ்வொன்றாகத் தள்ளுவார். அங்கிக்குள்ளிருந்து எடுப்பதுபோல் கூப்பர் எடுப்பார். எடுக்க எடுக்கப் பெரிதாகிக்கொண்டே போகும்.

உதவிக்கு வந்த பெண் அங்கியை மாட்டிவிட்டாள். அவள் போனாள். கூப்பர் அப்படியே திரையில் சாய்ந்து மெல்லக் கீழே உட்கார்ந்தார். அரங்கம் சிரித்தது. கால்கள் நீண்டு கிடந்தன. தொப்பி தலையில் இருந்தது. மூச்சு இழுத்தது. அரங்கம் இன்னும் சிரித்தது. பின்பக்கமாகத் திரைக்குள் சரிந்தார். அப்போதும் சிரித்தது. பின்னால் நின்ற டார்பக்கே முதலில் இது புதிதாகச் சேர்த்த ஒரு வேடிக்கை என்றுதான் நினைத்தார்.

சிரித்தவர்களைக் குறை சொல்லலாமா? நான் சொல்லமாட்டேன். விழுந்தால் சிரியுங்கள், தடுமாறினால் சிரியுங்கள், என் கை நழுவுவதெல்லாம் உங்களுக்காகத்தான் என்று போர் முடிந்த நாள் முதல் அந்த மனிதர்தான் அவர்களுக்குப் பழக்கியிருந்தார். அவர்கள் அவரை நம்பினார்கள். அவர் எழுந்துவிடுவார் என்று கடைசி நொடிவரை நம்பிய சிரிப்பு அது.

நிகழ்ச்சியை விளம்பரத்துக்கு மாற்றினார்கள். அவரைத் திரைக்குப் பின்னால் இழுத்து, அங்கேயே வைத்து உயிரை மீட்கப் போராடினார்கள். விளம்பரம் முடிந்துவிட்டது. நேரடி ஒளிபரப்பு; நிறுத்த முடியாது. அடுத்த கலைஞர்கள் வந்தாக வேண்டும். எங்கே வருவார்கள்? முன்னால் சொன்னேனே, திரைக்கு முன்னால் இருக்கும் அந்தச் சில அடி இடம். அங்கேதான் வந்து நின்றார்கள். பாடினார்கள், வேடிக்கை செய்தார்கள். முதுகுக்குப் பின்னால், ஒரு துணிக்கு அந்தப் பக்கம், கூப்பர் கிடந்தார். வெஸ்ட்மின்ஸ்டர் மருத்துவமனைக்குக் கொண்டுபோனபோது உயிர் இல்லை என்றார்கள்.

அந்தப் பதிவைத் தேடிப் பார்க்க வேண்டாம் என்று உங்களைக் கேட்டுக்கொள்கிறேன். நான் ஒருமுறை பார்த்தேன், இன்னொரு முறை பார்க்கவில்லை. வீட்டுக்குப் போய்ப் பிள்ளைகளைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, குப்பியும் கிளாஸும் வருகிற அந்த வித்தையைப் பாருங்கள். ஆங்கிலம் தெரியாத பாட்டிக்கும் அது புரியும். அவர் பிறந்த கேர்ஃபிலியில் 2008-இல் அவருக்குச் சிலை வைத்தார்கள். நடிகர் ஆண்டனி ஹாப்கின்ஸ் வந்து திறந்து வைத்தார். பழைய கோட்டைக்கு எதிரே, மழையிலும் வெயிலிலும், துருக்கித் தொப்பியோடு இரண்டு கைகளையும் முன்னால் நீட்டிக்கொண்டு நிற்கிறார்.